இருபத்தொரு வயது முதியவர்: வி. கே. ராமசாமியின் நடிப்புக் கலை



ஒரு பக்கம் சதுரகிரியும் மறுபக்கம் ஆண்டாள் கோவில் கோபுரமும் எல்லை வகுத்து நிற்கும் இந்த மகாராஜபுரத்துச் சீமையில் ஒருவன் மேடையேறிப் பேசப் புகுந்தால், அவன் பெரியாழ்வாரைப் பற்றியோ, சித்தர்களைப் பற்றியோ, தாம் வாழ்ந்த வீட்டையே காந்தி கலைமன்றமாகும்படி கொடுத்துவிட்ட ராஜபாளையத்துப் பூ. ச. குமாரசுவாமி ராஜா அவர்களைப் பற்றியோ பேசுவான் என்று சபையோர் எதிர்பார்ப்பது நியாயமே. நானோ சினிமா நடிகர் ஒருவரை எடுத்துக்கொண்டிருக்கிறேன். அவரும் கதாநாயகராகக் கொலுவிருந்தவர் அல்லர். கதாநாயகிக்குத் தகப்பனாராகவும், கருமியான மாமனாராகவும், கள்ளக்கணக்கு எழுதும் முதலாளியாகவும், கடைசியில் தாத்தாவாகவும் ஐம்பது ஆண்டுகாலம் திரையில் வந்துபோன வி. கே. ராமசாமி அவர்களே இன்றைய விஷயம். அவர் முகத்தை அறியாதவர் இச்சபையில் ஒருவரும் இரார். ஆனால் அந்த முகத்துக்குப் பின்னால் ஒரு வித்தை இருந்தது என்பதை நின்று நிதானித்து யோசித்தவர்கள் மிகச் சிலராகவே இருப்பார்கள் என்பது என் அபிப்பிராயம். கதாநாயகர்களின் சரித்திரத்தை எழுத நூறு பேர் முன்வருகிறார்கள். அவர்களைச் சுற்றி ஊரும் உறவுமாக நின்று கதைக்கு உயிர் கொடுத்தவர்களை நாம் சிரித்துவிட்டு மறந்துவிடுகிறோம்.

இதை இந்த ஊரில் பேசுவதற்கு விசேஷமான காரணம் ஒன்று உண்டு. ராமசாமி 1926 ஜனவரி முதல் தேதியன்று விருதுநகரில் பிறந்தவர். விருதுபட்டி என்ற பழம்பெயரை 1923-ல்தான் அவ்வூர் மாற்றிக்கொண்டிருந்தது. மிளகாயும் பருப்பும் எண்ணெயும் மூட்டை மூட்டையாக வந்து இறங்கிக் கைமாறிப் போகும் அந்தக் கமிஷன் கடைத் தெருக்களின் பேச்சு எத்தகையது என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. விலையைக் கேட்டவுடன் சொல்லிவிடாமல், வந்தவரின் குடும்ப க்ஷேமத்தை முதலில் விசாரித்து, மழையைப் பற்றி நாலு வார்த்தை பேசி, நஷ்டத்தில் வியாபாரம் செய்வதாக நீண்ட பெருமூச்சொன்று விட்டு, அதற்கப்புறம் போனால் போகிறது என்கிற பாவனையில் ஒரு தொகையை வெளியே விடும் அந்த நிதானம் இருக்கிறதே, அதைத்தான் ராமசாமி திரைக்குக் கொண்டுவந்தார். சென்னையிலிருந்து பார்ப்பவர் அதை வெறும் ஹாஸ்யமென்று எண்ணக்கூடும். நெல் விற்கவும் தேங்காய் விற்கவும் அத்தகைய கடைகளின் திண்ணையில் காத்திருந்து பழகிய நீங்கள் அது எவ்வளவு துல்லியமான நகல் என்பதற்குச் சாட்சி சொல்லக்கூடியவர்கள்.

அவர் படித்த பள்ளி நாடகக் கம்பெனிதான். 1918-ல் மதுரையில் சங்கரதாஸ் சுவாமிகள் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை நிறுவியது முதற்கொண்டு, சிறுவர்களை மட்டுமே வைத்து நடத்தும் பாய்ஸ் கம்பெனிகள் தென்னாட்டில் பெருகின. ஏழெட்டு வயதில் வீட்டைவிட்டு வந்து சேரும் பிள்ளைக்குச் சோறும் துணியும் கம்பெனியாருடையது. விடியற்காலையில் சாதகம், பகலில் பாடமும் ஒத்திகையும், இரவில் ஆட்டம். அடி உதைக்கும் குறைவிராது. அந்த வாழ்க்கையின் கொடுமையை இன்று நாம் சிலாகிக்க முடியாது. ஆனால் அந்த உலைக்களத்திலிருந்து வெளிவந்த குரல்களைப் போல வேறெங்கிருந்தும் வந்ததில்லை என்பதையும் மறுக்க முடியாது. அங்கே ஒவ்வொரு பையனுக்கும் காத்திருந்த கண்டம் ஒன்று உண்டு. மகரக்கட்டு வந்து குரல் உடைந்துவிட்டால், அதுவரை ஸ்திரீபார்ட்டாகவோ பாலபார்ட்டாகவோ கொண்டாடப்பட்டவன் ஒரே வாரத்தில் மூலையில் உட்கார்ந்துவிட நேரும். குரல் மறுபடி இனிமையாகத் தேறியவன் ராஜபார்ட் ஆவான்; கரகரத்தே நின்றுவிட்டவன் பபூனாகவோ, மந்திரியாகவோ, கிழவனாகவோ பிழைப்பைத் தேடிக்கொள்ள வேண்டும். தமிழ்த் திரையின் ஆரம்ப காலத்தில் இளைஞர்கள் பலர் கிழவர் வேஷத்தில் அத்தனை தேர்ச்சியோடு தோன்றியதற்கு இந்தக் கம்பெனி ஏற்பாட்டையே நான் மூலகாரணமாகக் கருதுகிறேன். முதுமை அவர்களுக்கு ஒப்பனையால் வந்ததன்று, பயிற்சியால் வந்தது.

இனி, காலத்தைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். 1942-ல் பர்மா ஜப்பானியர் கைக்குப் போனவுடன் அங்கிருந்து வந்துகொண்டிருந்த அரிசி நின்றது. அரிசிக்கும் துணிக்கும் மண்ணெண்ணெய்க்கும் கட்டுப்பாடும் ரேஷனும் வந்தன. கட்டுப்பாடு வந்த மறுநாளே, கதவைப் பாதி சாத்திவைத்து வியாபாரம் செய்யும் கள்ளமார்க்கெட்டும் வந்தது. சினிமாவுக்கும் ரேஷன் உண்டு: கச்சா பிலிம் கப்பலில் வரவேண்டியதாகையால், ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாதென்று சர்க்கார் உத்தரவிட்டது. பாட்டின் மேல் பாட்டாக நீட்டி முழக்கிய நம் படங்கள் இதனால் சற்றே இளைத்ததையும், பாட்டுக்கு இருந்த இடத்தில் வசனம் மெல்ல வந்து உட்கார்ந்ததையும் சரித்திரக்காரர்கள் போதிய அளவு கவனித்ததாகத் தோன்றவில்லை. 1944 இறுதியில் லக்ஷ்மிகாந்தன் கொலை வழக்கில் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் கைதாகிச் சிறை சென்றனர். பாகவதரோடு பாட்டுக் கதாநாயகர்களின் யுகமும் ஏறக்குறையச் சிறை சென்றதென்றே சொல்லலாம். கிருஷ்ணனுடைய நாடக சபையை மட்டும் எஸ். வி. சகஸ்ரநாமம் போன்றோர் குலையாமல் காத்துவந்தனர்.

அந்தச் சபையார் மேடையேற்றிய நாடகங்களுள் ஒன்று, ப. நீலகண்டன் எழுதிய ‘தியாக உள்ளம்’. அதில் சண்முகம் பிள்ளை என்றொரு கள்ளமார்க்கெட் வியாபாரி. வேஷம் போட்டவர் இருபது வயதைத் தாண்டாத ராமசாமி. நாடகத்தைத் திரைப்படமாக்க உரிமை பெற்ற ஏ. வி. மெய்யப்பச் செட்டியார், கதாநாயகராக டி. ஆர். மகாலிங்கத்தை வைத்துக்கொண்டார், பி. ஆர். பந்துலுவும் குழந்தை நடனமணி கமலாவும் சேர்ந்தார்கள். ஆனால் சண்முகம் பிள்ளை வேஷத்துக்கு மட்டும் வயதான நடிகர் எவரையும் தேடாமல் மேடையில் பார்த்த அந்த இளைஞரையே அழைத்துக்கொண்டார். செட்டியார் அவர்களின் வியாபார சாமர்த்தியத்தைப் பலரும் பாராட்டியிருக்கிறார்கள். அவருடைய ரசனைக்கு இதைக் காட்டிலும் நல்ல அத்தாட்சி எனக்குத் தெரியாது. காரைக்குடிக்கு அருகே தேவகோட்டை ரஸ்தாவில் அவர் அமைத்திருந்த ஸ்டூடியோவில் படம் தயாராகி, 1947 பொங்கலை ஒட்டி ‘நாம் இருவர்’ என்ற பெயரில் வெளிவந்தது. பாரதி விழாவோடு தொடங்கி, காந்தியடிகளின் 77-ஆவது பிறந்தநாள் விழாவோடு முடியும் படம் அது. சுதந்திரம் வர இன்னும் ஏழு மாதம் இருந்தது. ஜனங்கள் சுதந்திரம் வந்துவிட்ட உற்சாகத்தோடே கொட்டகைக்குப் போனார்கள்.

பாரதியும் காந்தியும் இரு கரையாக நிற்க, நடுவே ஓடும் கலங்கல் நீராக வருகிறவர் சண்முகம் பிள்ளை. கதையின்படி அவர் கெட்டவர். ஜனங்களின் சோற்றில் கைவைத்தவர். அந்நாளைய மேடை வழக்கப்படி இத்தகைய பாத்திரம் கண்ணை உருட்ட வேண்டும், மீசையை முறுக்க வேண்டும், இடிஇடியென்று சிரிக்க வேண்டும். ராமசாமியின் வழியோ வேறு. அவருடைய படங்களைப் பார்த்தவர்கள் அந்த முறையை அறிவார்கள்: கரகரத்த குரலை மேலே ஏற்றாமல் நெஞ்சிலேயே வைத்துக்கொண்டு, வாக்கியத்தின் கடைசி எழுத்தைச் சற்று இழுத்து, இழுத்த இழுப்பு முடியுமுன் எதிராளியின் முகத்தை ஒரு தடவை ஓரக்கண்ணால் பார்த்து, தாம் சொன்னது எடுபட்டதென்று கண்டால் மட்டுமே அடுத்த வார்த்தைக்குப் போவது. சரக்கைப் பதுக்கியவனுடைய குற்ற உணர்ச்சியை அதில் தேடினால் கிடைக்காது. நாலு காசு சேர்ப்பதற்குக்கூட இந்த நாட்டில் இத்தனை தொல்லையா என்று மனப்பூர்வமாக அங்கலாய்க்கும் ஒரு குடும்பஸ்தனே தென்படுவான். தீயவனைத் தீயவன் என்று அவர் சுட்டிக்காட்டுவதில்லை. தன் பக்கம்தான் நியாயம் என்று சத்தியமாக நம்புகிற ஒருவனை நம் முன்னே நிறுத்திவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார். அந்தக் காலத்து ஜனங்கள் சிரித்த சிரிப்பில் ஒரு துணுக்குறுதலும் கலந்திருக்க வேண்டும். காலையில் ரேஷன் கடை வாசலில் அதே குரலைத்தானே அவர்கள் கேட்டுவிட்டு வந்தார்கள்!

இவ்விடத்தில் உங்களைச் சற்றுத் தொலைதூரம் அழைத்துச் செல்ல அனுமதிக்க வேண்டும். ‘நாம் இருவர்’ வெளிவருவதற்கு மூன்று மாதம் முன்னால், 1946 அக்டோபர் 15-ஆம் தேதி, குண்டுவீச்சால் இடிந்து கிடந்த பெர்லின் நகரத்தில் ஒரு படம் திரையிடப்பட்டது. யுத்தத்துக்குப் பின் ஜெர்மானியர் எடுத்த முதல் கதைப்படம் அது. ‘கொலைகாரர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்’ என்பது அதன் பெயர். வோல்ஃப்காங் ஸ்டாவுட்டெ எழுதி இயக்கியது. அதில் ப்ரூக்னர் என்றொரு பாத்திரம். யுத்தகாலத்தில் போலந்துக் கிராமம் ஒன்றில், பெண்களும் குழந்தைகளும் அடங்க நூற்றுக்கு மேற்பட்டவர்களைக் கிறிஸ்துமஸுக்கு முந்தின நாளன்று சுட்டுத்தள்ள உத்தரவிட்ட கேப்டன் அவன்; யுத்தம் முடிந்ததும், சிப்பாய்களின் இரும்புத் தொப்பிகளைச் சமையல் பாத்திரங்களாக அடித்து விற்கும் தொழிற்சாலை முதலாளியாகிவிடுகிறான். அந்த வேஷத்தை ஏற்றவர் ஆர்னோ பவுல்சன். 1900-ல் ஸ்டெட்டின் நகரில் பிறந்து, நாடக மேடையிலேயே இளமை முழுவதையும் கழித்து, நாற்பத்தாறாவது வயதில் முதன்முதலாகச் சினிமாவுக்கு வந்தவர்.

பவுல்சனும் கண்ணை உருட்டவில்லை. பருத்த உடலும் கலகலப்பான பேச்சும் உள்ள மனிதராக, மனைவி மக்களிடத்தில் பிரியம் உள்ளவராக, பழைய படைத்தோழனைக் கண்டால் கட்டித் தழுவி உபசரிக்கிறவராகவே வருகிறார். ஒரு காட்சியில் அவர் காலை ஆகாரமாக ரொட்டியைத் தின்றுகொண்டிருக்கிறார். ரொட்டி சுற்றிவந்த செய்தித்தாள் எதிரே கிடக்கிறது. இருபது லட்சம் பேர் விஷவாயுவால் கொல்லப்பட்ட செய்தி அதில் பெரிய எழுத்தில் அச்சாகியிருக்கிறது. அவரோ நிம்மதியாக மென்றுகொண்டிருக்கிறார். நடிகர் அங்கே செய்வது ஒன்றுமில்லை, ருசித்துச் சாப்பிடுவதைத் தவிர. ருசித்துச் சாப்பிட்டதுதான் அந்த நடிப்பின் உச்சம் என்பேன். பதுக்கல்காரனையும் படுகொலைகாரனையும் ஒரே தராசில் வைப்பதாக எவரும் நினைக்க வேண்டாம். பாவங்களின் எடை வேறு. ஆயினும் இரண்டு நடிகர்களும், ஒருவர் பெயரை ஒருவர் கேள்விப்படாமலே, யுத்தத்தால் வயிறு காய்ந்த இரண்டு தேசங்களில், லாபம் கண்டவனை அடுத்த வீட்டுக்காரனாகச் சித்திரிக்கும் ஒரே வழியைக் கண்டுகொண்டார்கள்.

பிற்காலத்திலும் இருவருக்கும் ஒற்றுமை உண்டு. அந்தப் படத்தில் நடித்த ஹில்டெகார்ட் க்னெஃப் என்ற பெண்மணி கடல் கடந்த கீர்த்தி பெற்றார். பவுல்சன் அதற்கப்புறம் பல பத்துப் படங்களில் துணைவேஷம் தாங்கி 1969-ல் மறைந்தார். ஜெர்மானியர்களுக்கு அவரது முகத்தைக் காட்டிலும் குரல்தான் பரிச்சயம். அமெரிக்க ஹாஸ்ய நடிகர்களான லாரல், ஹார்டி இருவருள் பருமனான ஹார்டிக்கு யுத்தத்துக்குப் பிறகு ஜெர்மன் மொழியில் குரல் கொடுத்தவர் அவரே. கொலைகாரக் கேப்டனின் தொண்டையிலிருந்து வந்த அதே குரலைக் கேட்டுக் குழந்தைகள் விழுந்து விழுந்து சிரித்தன. ராமசாமியின் குரலும் பதுக்கல்காரனிடம் தொடங்கி ஹாஸ்யத்தில்தான் போய் நிலைத்தது.

அது நிலைத்த விதத்துக்கு அரசாங்கமும் ஒரு காரணம். 1952-ல் ராஜாஜி அரிசிக் கட்டுப்பாட்டை எடுத்துவிட்டார். கட்டுப்பாடு போனபின் கள்ளமார்க்கெட்காரன் ஜனங்களின் கனவில் வந்து பயமுறுத்துவதும் குறைந்தது; திரையில் அவனுக்கு இருந்த அவசரமும் குறைந்தது. அதே ஆண்டு தீபாவளிக்கு வந்த ‘பராசக்தி’யில் ராமசாமியும் இருந்தார், அங்கே கணேசன் என்னும் புதிய நடிகரின் வசனப் பிரவாகம் தமிழ்நாட்டையே அடித்துக்கொண்டு போனது. மெல்ல இழுத்துப் பேசுகிறவர்களுக்கு அது சோதனைக் காலந்தான். ராமசாமி அந்த வெள்ளத்தோடு போட்டியிடவில்லை. அதற்குக் கரையாக இருக்கச் சம்மதித்தார். பதுக்கல் வியாபாரியிடமிருந்து பதுக்கலைக் கழற்றிவிட்டு, மிஞ்சிய கணக்குப் புத்தியையும் அங்கலாய்ப்பையும் சாதுரியத்தையும் வைத்து, தகப்பனார், மாமனார், பண்ணையார் என்று ஒரு வம்சத்தையே உற்பத்தி செய்துகொண்டார். 1928-ல் பிறந்த சிவாஜி கணேசனைவிட இவர் இரண்டே முக்கால் வயதுதான் மூத்தவர். ஆனால் சோழவந்தான் பக்கத்துக் கதையான ‘பட்டிக்காடா பட்டணமா’ 1972-ல் வந்தபோது, கணேசன் மாப்பிள்ளை, இவர் மாமனார்! பட்டணத்து மோகம் பிடித்த மனைவிக்கும் கிராமத்து மாப்பிள்ளைக்கும் நடுவே அகப்பட்டு, மனம் மாப்பிள்ளை பக்கமும் வாய் மனைவி பக்கமுமாகத் திண்டாடும் அந்த மனிதரை நாம் ஒவ்வொருவரும் ஏதாவதொரு கல்யாண வீட்டில் சந்தித்திருக்கிறோம்.

அவர் வெறும் நடிகராக மட்டும் இருந்துவிடவில்லை. மேடையில் ஸ்திரீபார்ட்டாகப் பேர் வாங்கிப் பின்னர் எழுத்தாளரான ஏ. பி. நாகராஜனோடு கூட்டுச் சேர்ந்து படமெடுக்கவும் துணிந்தார். 1957-ல் வந்த ‘மக்களைப் பெற்ற மகராசி’ அக்கூட்டின் பலன். அதில் கணேசன் கோவைச் சீமைக் குடியானவர் பேச்சைப் பேசினார். செந்தமிழ் அடுக்குமொழி கொடிகட்டிப் பறந்த அந்நாளில், கதாநாயகனே ஒரு ஜில்லாவின் கொச்சையைப் பேசுவதென்பது சாமானியத் துணிச்சல் அன்று. வசனம் நாகராஜனுடையது என்பது உண்மையே. ஆயினும் தயாரிப்பாளர்களில் ஒருவர், தம்முடைய ஜில்லாப் பேச்சையே மூலதனமாக வைத்துப் பத்து வருஷம் பிழைத்தவர் என்பதையும் சேர்த்து எண்ணிப் பார்க்க வேண்டும். மறு ஆண்டு ‘நல்ல இடத்துச் சம்பந்தம்’. 1962-ல் ‘வடிவுக்கு வளைகாப்பு’, நாகராஜன் முதன்முதலாக இயக்கிய படம். புராணப் படங்களால் பின்னர் பெரும்புகழ் கொண்ட அந்த இயக்குநர் தொழில் பழகிய காலத்தில் தோள் கொடுத்தவர் நம் விருதுநகர்க்காரர்.

அவர்பால் எனக்குள்ள குறையையும் சொல்லிவிடுகிறேன். அழைத்தவர்களுக்கெல்லாம் இல்லையென்று சொல்லாமல் போனார். ஒரே மாமனாரை வெவ்வேறு சட்டை மாட்டி அனுப்பிய படங்கள் அநேகம். அவற்றில் இழுப்பு மட்டும் இருக்கும், ஓரக்கண் பார்வை இராது. தயாரிப்பாளர்கள்மேல் பழியைப் போட்டுவிடுவது சுலபம். பாதிப் பழி அவருடையதுதான்.

இந்தக் குறையைத் தீர்த்து வைத்தது 1978-ல் வந்த ‘ருத்ர தாண்டவம்’. கே. விஜயன் இயக்கிய அப்படத்தில் ராமசாமிக்குச் சிவபெருமான் வேஷம்; வறுமையில் வாடும் அர்ச்சகராக நாகேஷ். கடவுள் இறங்கி வந்து பேசும் படங்கள் நமக்குப் புதியவை அல்ல; புருவத்தை நெரித்துத் தீந்தமிழில் முழங்கும் ஈசனையே பார்த்துப் பழகிய ஜனங்களுக்கு, இவர் காட்டிய ஈசன் வேறு தினுசு. பூஜைக்கு எண்ணெய் வாங்கவும் வகையற்ற பக்தன் முறையிட, அதைக் காதில் வாங்கிக்கொள்ளும் கடவுள், கடன்காரர்களுக்கு நடுவே பழகிய ஒரு பெரிய வீட்டுக்காரரைப் போலப் பேசுகிறார். தெய்வத்தைக் கேலி செய்ததாக யாருக்கும் தோன்றாதபடி, எட்டாத உயரத்திலிருந்த ஒருவரைக் கடைத்தெரு வரைக்கும் இறக்கிக் கொண்டுவரும் அந்த வித்தைக்கு 1947-ல் சண்முகம் பிள்ளையிடம் போட்ட அஸ்திவாரமே போதுமானதாயிருந்தது. சொல்லுகிறவனுக்குத் தன் நியாயத்தில் சந்தேகம் இருக்கக்கூடாது. அவன் பதுக்கல்காரனானால் என்ன, பரமசிவனானால் என்ன?

எண்பதுகளில் வந்த இளம் இயக்குநர்கள், பேச்சைக் குறைத்து வெளிச்சத்தைக் கொண்டு கதை சொல்ல முயன்றவர்கள், இந்தப் பழைய கம்பெனி நடிகரை ஒதுக்கிவிடவில்லை என்பது ஆச்சரியம். மணிரத்னத்தின் ‘மௌன ராக’த்தில் அவர் டில்லியில் கதாநாயகனின் மேலதிகாரி, 1987-ல் ‘வேலைக்கார’னில் ரஜினிகாந்தின் தாத்தா. அடுத்த ஆண்டு வந்த ‘அக்னி நட்சத்திர’த்தில் ஜனகராஜோடு சேர்ந்துகொண்டு, மனைவிக்குத் தெரியாமல் வாலிபம் திரும்பியதாக எண்ணி அலையும் பெரிய மனிதராக வருகிறார். இருபத்தொரு வயதில் தலைக்கு நரை பூசிக்கொண்டு கிழவராக வந்தவருக்கு, சொந்த நரை வந்த அறுபத்திரண்டாவது வயதில் வாலிபராக ஆசைப்படும் வேஷம்! அவர் அதை இம்மியளவும் அசிங்கமில்லாமல் செய்திருக்கிறார்; ஆசைப்படுவதும் ஒரு நஷ்ட வியாபாரமே என்று தெரிந்துகொண்டே இறங்குகிறவனுடைய முகம் அது. ‘நாம் இருவர்’ வந்து சரியாக ஐம்பது வருஷம் கழித்து, 1997-ல் ‘அருணாசல’த்திலும் அவரைப் பார்த்தோம். 2002 டிசம்பர் 24-ஆம் தேதி சென்னையில் காலமானார். ‘எனது கலைப் பயணம்’ என்ற சுயசரிதையை எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்; நம் ஊர் நூலகத்துக்கு அந்நூலின் பிரதியொன்றை, இச்சொற்பொழிவை ஆண்டுதோறும் நடத்திவரும் அறக்கட்டளையார் வாங்கிக் கொடுத்தால் இப்பேச்சைக் காட்டிலும் அது பிரயோஜனமாயிருக்கும்.

இதே வரிசையில் செங்கோட்டையிலிருந்து போன எஸ். வி. சுப்பையா இருக்கிறார், திருநெல்வேலிச் சீமையின் டி. எஸ். பாலையா இருக்கிறார், அழுகையிலும் சூழ்ச்சியிலும் இவ்விருவரும் கண்ட முறைகள் ராமசாமியின் முறையினின்றும் முற்றும் வேறானவை. அடுத்த ஆண்டு இந்த மேடைக்கு வருகிறவர் அவர்களுள் ஒருவரை எடுத்துக்கொள்வாரானால், பஸ் ஏறி வந்து முன்வரிசையில் உட்கார்ந்து கேட்க நான் தயார்.